உயிரணுவின் காவலாளியைக் கண்ட ஹாப்கின்ஸ்

நறுக்கி வைத்த வாழைக்காய் சற்று நேரத்தில் கறுத்துப் போகிறது. மழையில் நனைந்த அரிவாள்மணை துருப்பிடிக்கிறது. நாள்பட்ட கடலை எண்ணெய் காறல் நெடி வீசுகிறது. இந்த மூன்று வேலைகளையும் செய்வது ஒன்றேதான். அதுதான் நாம் மூச்சில் உள்ளிழுக்கும் பிராணவாயு.

பிராணவாயு இல்லாவிட்டால் சில நிமிஷங்களில் உயிர் பிரிந்துவிடும். ஆனால் இரும்பையே தின்று தீர்க்கும் அந்த வாயு, நம்முடைய மெல்லிய உடம்பை எழுபது, எண்பது ஆண்டுகள் விட்டு வைப்பது எப்படி? உடம்பு கோடானுகோடி உயிரணுக்களால் ஆனது. ஒவ்வோர் உயிரணுவுக்குள்ளும் பிராணவாயுவின் சேஷ்டைகளைத் தடுக்கும் காவல் ஏற்பாடு ஒன்று இருக்கிறது. அந்தக் காவலில் தலையாய பொருளைப் பிரித்தெடுத்து, உலகுக்கு எடுத்துக் காட்டி, அதற்குப் பெயரும் சூட்டியவர் ஆங்கில விஞ்ஞானி பிரடெரிக் கௌலண்ட் ஹாப்கின்ஸ்.

ஜீவசத்துக்களைப் பற்றிப் படித்தவர்களுக்கு அவர் பெயர் தெரிந்திருக்கும். 1929ஆம் ஆண்டின் நோபல் பரிசில் பாதியைப் பெற்றவர் அவர். ஆனால் அதே ஆண்டில், தாம் உலகறியச் சொன்ன ஒரு முடிவு தவறு என்று அவரே திருத்தி எழுதினார் என்பது பலருக்குத் தெரியாது. அவருடைய பெருமையை அளக்க அந்தத் திருத்தமே சிறந்த அளவுகோல்.

பள்ளிக்கு மட்டம் போட்ட பிள்ளை

1861ஆம் ஆண்டு ஜூன் 20ஆம் தேதி, இங்கிலாந்தின் தென்கரையில் உள்ள ஈஸ்ட்போர்ன் என்ற ஊரில் ஹாப்கின்ஸ் பிறந்தார். தந்தை லண்டனில் புத்தக வியாபாரி. விஞ்ஞானத்தில் ஆசை உள்ளவர். ஆனால் பிள்ளையின் முகம் பார்த்துச் சில மாதங்களிலேயே அவர் காலமாகிவிட்டார். தாயின் அரவணைப்பில், உடன் விளையாடுவோர் அதிகம் இல்லாமல், சிறுவன் தனியே வளர்ந்தான். அவனுக்குத் துணையாக இருந்தவை கடற்கரையும், வீட்டிலிருந்த ஒரு பூதக்கண்ணாடிக் கருவியும்தான். கடல் ஒதுக்கித் தள்ளிய சிற்றுயிர்களை எடுத்து வந்து, அந்தக் கருவியின் கீழே வைத்து மணிக்கணக்கில் பார்த்துக் கொண்டிருப்பான்.

பத்து வயதில் தாயும் மகனும் லண்டனை அடுத்த என்பீல்டு என்ற இடத்துக்கு, தாய்மாமன் வீட்டுக்குக் குடிபெயர்ந்தார்கள். சிட்டி ஆஃப் லண்டன் பள்ளியில் பையனைச் சேர்த்தார்கள். ரசாயனப் பாடத்தில் அவன் முதல் வரிசையில் நின்றான். ஆனால் பள்ளிக்கூடம் அவனுக்குப் பிடிக்கவில்லை. வீட்டிலிருந்து பள்ளிக்குப் புறப்படுவான், பள்ளிக்குப் போகமாட்டான். பொருட்காட்சிச் சாலை, நூல் நிலையம், கப்பல் துறை என்று நாள் முழுவதும் சுற்றிவிட்டு மாலையில் வீடு திரும்புவான். குட்டு வெளிப்பட்டது. அந்தப் பள்ளியை விட்டு அவன் விலக நேர்ந்தது.

மட்டம் போட்ட பிள்ளை வீணாகிப் போய்விடவில்லை. பூச்சிகளை ஆராய்வதில் அவனுக்கு அபாரமான மோகம். பகைவன் நெருங்கினால் வாலின் நுனியிலிருந்து பட்டென்ற ஓசையுடன் புகை பீச்சும் வண்டினம் ஒன்று உண்டு. அதற்குக் குண்டு வீசும் வண்டு என்று பெயர். அந்தப் புகையைப் பற்றித் தன் பதினேழாவது வயதில், 1878இல், பூச்சியியல் பத்திரிகை ஒன்றில் அவன் ஒரு குறிப்பு எழுதினான். ஹாப்கின்ஸின் எழுத்து அச்சேறியது அப்போதுதான். ஓர் உயிர் தன் உடம்புக்குள்ளேயே ரசாயனம் செய்கிறது என்ற வியப்பு அன்று அவன் உள்ளத்தில் குடி புகுந்தது. கடைசி வரை அது வெளியேறவில்லை.

நஞ்சு தேடும் உத்தியோகம்

மேதைகள் சிலர் முப்பது வயதுக்குள் பேராசிரியர் பதவியை எட்டிவிடுகிறார்கள். ஹாப்கின்ஸ் அப்படி விரைந்து ஏறியவர் அல்லர். பதினேழு வயதில் ஓர் இன்ஷூரன்ஸ் அலுவலகத்தில் குமாஸ்தாவாக அமர்ந்தார். ஆறு மாதம் கணக்குப் புத்தகத்தைப் புரட்டினார். பிறகு, பொருள்களைச் சோதித்து அவற்றில் என்னென்ன கலந்திருக்கின்றன என்று சொல்லும் ரசாயனப் பகுப்பாளர் ஒருவரிடம் மூன்றாண்டுக் காலம் தொழில் பழகினார்.

குடும்பச் சொத்தில் கிடைத்த சிறு தொகையைக் கொண்டு லண்டனில் மேலே படித்தார். ரசாயனத் தொழில் தேர்வில் அவர் காட்டிய திறமை தாமஸ் ஸ்டீவன்சன் என்பவரின் கண்ணில் பட்டது. ஸ்டீவன்சன் சாமானியர் அல்லர். கைஸ் மருத்துவமனையில் சட்ட மருத்துவ ஆசிரியர். அரசாங்கத்தின் நஞ்சு நிபுணர். கொலை வழக்குகளில் இறந்தவரின் குடலில் நஞ்சு உண்டா, இல்லையா என்று சொல்வது அவருடைய பொறுப்பு. இருபத்திரண்டு வயது ஹாப்கின்ஸ் அவருக்கு உதவியாளரானார்.

இந்த வேலை அவருக்கு ஒரு பாடம் கற்பித்தது. ஒரு துளிச் சாற்றில் தோன்றும் நிறத்தைக் கொண்டு முடிவு சொல்லவேண்டும். சொல்லும் முடிவு தவறானால் ஒரு நிரபராதி தூக்கு மேடை ஏறுவான். அல்லது ஒரு கொலைகாரன் கைவீசி நடப்பான். நிறத்தை நம்பலாம். ஆனால் வேறு வழியிலும் சோதித்த பிறகே நம்ப வேண்டும்.

1888இல், இருபத்தேழாவது வயதில், கைஸ் மருத்துவமனையிலேயே அவர் மாணவராகச் சேர்ந்தார். 1894இல் வைத்தியப் பட்டம் பெற்றார். அதற்கிடையே சிறுநீரில் யூரிக் அமிலத்தை அளக்கப் புதிய முறை ஒன்றைக் கண்டார். வண்ணத்துப் பூச்சிகளின் சிறகு வண்ணங்களையும் ஆராய்ந்தார். பட்டப் படிப்பு நடந்த நாட்களிலும் பூச்சிகளை அவர் கைவிடவில்லை.

கேம்பிரிட்ஜுக்கு அழைப்பு

1898ஆம் ஆண்டு அவர் வாழ்க்கையில் இரட்டை மங்களம் நிகழ்ந்த ஆண்டு. ஜெஸ்ஸி ஆன் ஸ்டீவன்ஸ் என்ற மாதரசியை மணந்தார். கேம்பிரிட்ஜ் சர்வகலாசாலையின் உடலியல் பேராசிரியர் மைக்கேல் ஃபாஸ்டர் அவரைத் தம்மிடம் அழைத்துக் கொண்டார். உயிர்களின் உடலில் நடக்கும் ரசாயனத்தைப் போதிக்கும் விரிவுரையாளர் வேலை அது.

வேலை கிடைத்தது, வசதி கிடைக்கவில்லை. சம்பளம் போதாமல் எம்மானுவேல் கல்லூரி மாணவர்களுக்குத் தனியாகப் பாடம் சொல்லிக் கொடுத்துக் குடும்பத்தை நடத்தினார். பகலெல்லாம் போதனை, மிஞ்சிய நேரத்தில் ஆராய்ச்சி. இந்த ஓயாத உழைப்பினால் 1910இல் உடல்நலம் குலைந்து படுத்துவிட்டார். அதே ஆண்டு டிரினிட்டி கல்லூரி கை கொடுத்தது. ஆராய்ச்சிக்கே நேரம் ஒதுக்கக்கூடிய பதவி ஒன்றைத் தந்து அவரை அது காப்பாற்றியது.

இவ்வளவு நெருக்கடியிலும் அவர் கண்டவை சிறியவை அல்ல. அவற்றில் ஒன்று ஒரு வகுப்பறைத் தோல்வியில் பிறந்தது. முட்டை வெண்கரு போன்ற புரதத்துடன் அசெடிக் அமிலத்தையும் கந்தக அமிலத்தையும் சேர்த்தால் ஊதா நிறம் தோன்ற வேண்டும் என்பது பாடப் புத்தகத்தில் கண்ட சோதனை. ஒரு நாள் மாணவர் ஒருவருக்கு அந்த நிறம் வரவே இல்லை. வேறோர் ஆசிரியராயிருந்தால் கையைச் சரியாகக் கழுவி மறுபடி செய் என்று சொல்லியிருப்பார். ஹாப்கின்ஸ் ஏன் வரவில்லை என்று கேட்டார். ஊதா நிறத்துக்குக் காரணம் அசெடிக் அமிலம் அல்ல, அதில் சிறிதளவு கலந்திருந்த வேறொரு பொருள் என்று கண்டார். மாணவர் எடுத்த அமிலம் மிகச் சுத்தமாக இருந்ததுதான் சோதனை தோற்றதன் ரகசியம்!

அத்துடன் அவர் விடவில்லை. புரதத்தின் எந்தப் பகுதி அந்த நிறத்தைத் தருகிறது என்று தேடினார். 1901இல் சிட்னி கோல் என்பவருடன் சேர்ந்து டிரிப்டோபேன் என்ற அமினோ அமிலத்தைப் பிரித்தெடுத்தார். அதை நம் உடம்பால் தயாரிக்க இயலாது, உணவிலிருந்துதான் பெறவேண்டும்.

ஒரு கரண்டிப் பால்

மாவு, கொழுப்பு, புரதம், உப்பு ஆகிய நான்கும் இருந்தால் உணவு பூரணமாகிவிடும் என்று அக்காலத்து அறிஞர் பலர் நம்பினார்கள். ஸ்கர்வி, கணைச் சூடு போன்ற நோய்களுக்கு உணவில் உள்ள ஏதோ ஒரு குறையே காரணம் என்று 1906இலேயே ஹாப்கின்ஸ் ஒரு சொற்பொழிவில் எடுத்துச் சொன்னார்.

அதை நிரூபிக்க எலிக்குஞ்சுகளை இரண்டு கூட்டமாகப் பிரித்தார். இரண்டுக்கும் சுத்தம் செய்யப்பட்ட மாவு, பன்றிக் கொழுப்பு, பால் புரதம், உப்புக்கள் ஆகியவற்றைக் கொடுத்தார். ஒரு கூட்டத்துக்கு மட்டும் எலிக்கு நாளொன்றுக்கு இரண்டு, மூன்று மில்லி லிட்டர் பால் சேர்த்தார். அது ஒரு சிறு கரண்டி அளவுதான்! பால் குடித்த எலிகள் தளதளவென்று வளர்ந்தன. மற்றவை வளர்ச்சி குன்றி வாடின. பதினெட்டாம் நாள் ஏற்பாட்டை மாற்றினார். வாடிய கூட்டத்துக்குப் பால். வளர்ந்த கூட்டத்துக்குப் பால் நிறுத்தம். நிலைமை அப்படியே தலைகீழாக மாறியது.

1912இல் இந்த முடிவு அச்சில் வந்தது. உணவில் மிக நுண்ணிய அளவில் உள்ள துணைப் பொருள்கள் இல்லாமல் உயிர் வளராது என்பது உறுதியாயிற்று. பின்னர் ஜீவசத்து, வைட்டமின் என்று நாம் வழங்குவது இவற்றைத்தான். ஜாவாவில் பட்டை தீட்டிய அரிசி தின்ற கோழிகளுக்கு நோய் வந்ததைக் கண்ட ஐக்மான் என்ற டச்சு வைத்தியரும் ஹாப்கின்ஸும் 1929இல் நோபல் பரிசைப் பகிர்ந்து கொண்டதற்கு இதுவே காரணம்.

முதல் உலகப் போரின்போது இங்கிலாந்தில் வெண்ணெய்க்குத் தட்டுப்பாடு. அதற்குப் பதிலாக ஏழைகள் உண்ட மார்கரீனில் ஜீவசத்துக் குறைவு என்று அவர் காட்டினார். 1926இல் ஜீவசத்துச் சேர்த்த மார்கரீன் கடைக்கு வந்தது.

உயிரணுவில் ஒரு செவ்வூதா நிறம்

1914இல் கேம்பிரிட்ஜில் ஜீவ ரசாயனப் பேராசிரியர் பதவி அவருக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது ஐம்பத்து மூன்று. மற்றவர்கள் ஓய்வைப் பற்றி நினைக்கத் தொடங்கும் பருவத்தில் அவருடைய அடுத்த பெரிய தேடல் தொடங்கியது.

உயிரணு பிராணவாயுவை எப்படிக் கையாளுகிறது? இந்தக் கேள்விக்கும் ஒரு நிறம்தான் வழி காட்டியது. நைட்ரோபுருஸ்ஸைடு என்ற உப்பைக் காரத்துடன் சேர்த்தால், கந்தகமும் ஹைட்ரஜனும் இணைந்த சில பொருள்கள் இருக்குமிடத்தில் செவ்வூதா நிறம் தோன்றும். ஈரல், தசை, ஈஸ்டு ஆகியவற்றின் சாறுகளில் இந்த நிறம் பளிச்சென்று எழுந்தது. நிறத்தை முன்பே சிலர் கண்டிருந்தனர். நிறத்துக்குரிய பொருளைப் பிடித்துத் தந்தவர் ஹாப்கின்ஸ். 1921இல், அறுபதாவது வயதில், அதைத் தனியே பிரித்தெடுத்து அறிவித்தார்.

1888இல் ரே-பையாட் என்ற பிரெஞ்சுக்காரர் ஈஸ்டில் கந்தகத்தோடு உறவாடும் ஒரு பொருள் இருப்பதாகச் சொல்லி, அதற்குப் பிலோதியான் என்று பெயரிட்டிருந்தார். உலகம் அதை மறந்து போயிருந்தது. ஹாப்கின்ஸ் மறக்கவில்லை. தாம் கண்ட பொருளுக்குக் குளூடாதயோன் என்று பெயர் வைத்து, அந்தப் பழைய பெயரின் வாலை அதில் ஒட்டவைத்தார்.

குளூடாதயோனின் சூட்சுமம் அதன் கந்தகத்தில் இருக்கிறது. அந்தக் கந்தகம் ஒரு ஹைட்ரஜனைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறது. தேவைப்பட்டால் அதைக் கொடுத்துவிடும். ஹைட்ரஜனை இழந்த இரண்டு குளூடாதயோன் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று கைகோத்துக் கொள்ளும். உயிரணு மறுபடி அவற்றைப் பிரித்து, ஹைட்ரஜனைக் கொடுத்து, பழைய வேலைக்கு அனுப்பிவிடும். செலவழிந்த பணம் மீண்டும் பைக்கே திரும்புவது போன்ற ஏற்பாடு இது.

பிராணவாயுவைப் பயன்படுத்தும் வேலையில் குளூடாதயோன் ஒரு கூலியாள் என்றே ஹாப்கின்ஸ் கருதினார். அது முதன்மையாக ஒரு காவலாள் என்பது பின்னால் தெளிவாயிற்று. பிராணவாயுவைக் கையாளும்போது உயிரணுவில் ஹைட்ரஜன் பெராக்ஸைடு என்ற எரிக்கும் திராவகம் சிறிது சிறிதாக உண்டாகிறது. குளூடாதயோனின் துணையால் அதை வெறும் தண்ணீராக மாற்றும் என்சைம் ஒன்று சிவப்பணுக்களில் இருப்பதை 1957இல் கார்டன் மில்ஸ் என்ற அமெரிக்கர் கண்டார். இரும்பைத் துரு தின்பதுபோல் நம் இரத்தம் கெட்டுப் போகாமல் இருப்பதன் ரகசியங்களில் இது ஒன்று.

பிழையும் திருத்தமும்

ஆனால் இந்தக் கதையில் ஒரு முள் இருந்தது. குளூடாதயோன் என்பது குளூடாமிக் அமிலம், சிஸ்டீன் என்ற இரண்டு அமினோ அமிலங்களின் இணைப்பு என்று ஹாப்கின்ஸ் எழுதியிருந்தார். நோபல் பரிசுக்குரிய பெயர், கேம்பிரிட்ஜ் பேராசிரியர், ராயல் சொசைட்டி அங்கத்தினர். உலகம் அதை ஏற்றுக் கொண்டது. பாடப் புத்தகங்களிலும் ஏறிவிட்டது.

1927இல் ஹண்டர், ஈகிள்ஸ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் ஆட்சேபம் எழுப்பினார்கள். ஹாப்கின்ஸ் சொன்ன வழியில் தயாரித்த பொருளில் கந்தகத்தின் கணக்கு உதைக்கிறது, அவர் சொன்ன அமைப்பு உண்மையாக இருக்க முடியாது என்றார்கள்.

அப்போது ஹாப்கின்ஸுக்கு வயது அறுபத்தாறு. ஸர் பட்டம் பெற்று இரண்டாண்டு ஆகியிருந்தது. இளையவர்களின் ஆட்சேபத்தை அலட்சியம் செய்திருக்கலாம். சீடர்களை ஏவி மறுப்பு எழுதச் செய்திருக்கலாம். அவர் செய்தது வேறு. தம் பழைய வேலையை முதலிலிருந்து மறுபடி தொடங்கினார். செம்பு உப்பின் உதவியால் குளூடாதயோனைச் சுத்தமாகப் பிரித்து, பளிங்குக் கற்களாகப் படியச் செய்தார். பழைய சரக்கு முழுச் சுத்தமானதல்ல என்பது விளங்கியது. குளூடாதயோனில் இரண்டல்ல, மூன்று அமினோ அமிலங்கள் இருந்தன. விட்டுப்போன மூன்றாவது கிளைசீன்.

1929இல் இந்தத் திருத்தத்தை அவரே வெளியிட்டார். அமெரிக்காவில் எட்வர்டு கெண்டலின் குழுவும் அதே ஆண்டில் தனியே அதே முடிவுக்கு வந்தது. 1935இல் லண்டனில் ஹாரிங்டனும் மீடும் குளூடாதயோனைச் செயற்கையாகக் கட்டி முடித்தபோது சந்தேகத்துக்கே இடமில்லாமல் போயிற்று.

நோபல் பரிசு கிடைத்த ஆண்டும், தம் முடிவைத் தாமே திருத்திய ஆண்டும் ஒன்றாக அமைந்தது தற்செயல்தான். பரிசுப் பட்டியலில் முதலாவது மட்டுமே இருக்கிறது. விஞ்ஞானம் முன்னேறுவதற்கு இரண்டாவதும் அவசியம்.

எல்லோருக்கும் திறந்த கதவு

ஸர் வில்லியம் டன் என்பவர் விட்டுச் சென்ற செல்வத்தால் 1924இல் கேம்பிரிட்ஜில் ஜீவ ரசாயன நிலையம் திறக்கப்பட்டது. அதன் தலைவர் ஹாப்கின்ஸ். மாணவர்கள் அவரைச் செல்லமாக ஹாப்பி என்று அழைத்தார்கள்.

பெண்களுக்கு ஆராய்ச்சிச் சாலைகளில் இடமில்லாத காலம் அது. கேம்பிரிட்ஜ் சர்வகலாசாலை பெண்களுக்கு முழுப் பட்டமே வழங்காதிருந்தது. ஹாப்கின்ஸின் நிலையத்தில் பெண்கள் பலர் ஆராய்ச்சி நடத்தினார்கள். அவர்களில் மார்ஜரி ஸ்டீபன்சன், 1945இல் ராயல் சொசைட்டி முதன்முதலாகச் சேர்த்துக்கொண்ட இரு பெண்மணிகளில் ஒருவர்.

1933இல் ஹிட்லரின் கொடுமையால் ஜெர்மனியை விட்டு ஓடி வந்தவர்களுக்கும் அந்தக் கதவு திறந்தது. ஹான்ஸ் கிரெப்ஸ் அங்கே புகலிடம் பெற்றார். 1953இல் நோபல் பரிசு பெற்றார். எர்ன்ஸ்ட் செயின் அங்கே சிறிது காலம் பணிபுரிந்து ஆக்ஸ்போர்டு சென்றார். பெனிசிலினுக்காக 1945இல் நோபல் பரிசில் பங்கு பெற்றார். 1930 முதல் 1935 வரை ராயல் சொசைட்டியின் தலைவராக இருந்த பெரியவர், இளைஞர்களின் மேஜைக்கருகில் நின்று அவர்களுடைய சோதனைகளைக் கேட்டறிவதில் மகிழ்ச்சி கண்டார். 1943 வரை பேராசிரியர் பதவியில் இருந்துவிட்டு, 1947ஆம் ஆண்டு மே மாதம் 16ஆம் தேதி கேம்பிரிட்ஜில் காலமானார்.

மின்மினி விளக்கு

ஹாப்கின்ஸ் மறைந்த பிறகு அவருடைய குளூடாதயோன் கதை இன்னும் சுவாரசியமாக வளர்ந்தது. காவலாள் இருக்கிறான், சரி. ஆபத்து வரும்போது மேலும் பல காவலாட்களைத் தயாரிக்க உத்தரவு போடுவது யார்?

அந்த உத்தரவு அதிகாரியின் பெயர் நர்ஃப்-2. 1994இல் அறியப்பட்ட ஒரு புரதம் அது. அமைதிக் காலத்தில் கீப்-1 என்ற மற்றொரு புரதம் அதைப் பிடித்து அழிவுக்கு அனுப்பிக்கொண்டே இருக்கிறது. கீப்-1 1999இல் கண்டறியப்பட்டது. அதன் உடலில் சிஸ்டீன்கள் பல இருக்கின்றன. குளூடாதயோனில் உள்ள அதே சிஸ்டீன். ஹாப்கின்ஸின் கண்ணாடிக் குழாயில் செவ்வூதா நிறம் காட்டிய அதே வகைக் கந்தகம்! கேடு செய்யும் பொருள் உள்ளே நுழைந்தால் அந்தக் கந்தகத்தில் ஒட்டிக்கொள்கிறது. கீப்-1இன் பிடி தளர்கிறது. நர்ஃப்-2 அழிவிலிருந்து தப்பி, உயிரணுவின் கருவுக்குள் சென்று, மரபுச் சரட்டில் உள்ள ஒரு குறிப்பிட்ட விசையில் போய் அமர்கிறது. உடனே குளூடாதயோன் தயாரிக்கும் என்சைம்கள் உட்படக் காவல் புரதங்கள் பல உற்பத்தியாகின்றன.

இந்த விசை அழுத்தப்பட்டதை வெளியே இருந்து காண்பது எப்படி? அங்கேதான் ஒரு பூச்சி வந்து சேருகிறது. மின்மினியின் ஒளிக்குக் காரணமான லூசிபரேஸ் என்ற என்சைமின் மரபணு 1985இல் தனியே எடுக்கப்பட்டது. மேற்சொன்ன விசையின் பிரதிகளை அந்த மரபணுவின் முன்னே ஒட்டி, மனித உயிரணுவுக்குள் செலுத்திவிடுகிறார்கள். அதை நிரந்தரமாக ஏற்றுக்கொண்ட உயிரணுவைப் பிரித்து வளர்த்தால், அதன் சந்ததி முழுவதற்கும் அந்த மின்மினி விளக்கு பரம்பரைச் சொத்தாகிவிடும். இத்தகைய குலத்துக்கு அறிவிப்பு உயிரணு வரிசை என்று பெயர் சொல்லலாம். ஸ்காட்லாந்தின் டண்டீ நகர ஆராய்ச்சியாளர்கள் 2006இல் மார்பகப் புற்று உயிரணுக்களைக் கொண்டு இப்படி ஒரு வரிசையை உருவாக்கினார்கள். அதில் எட்டு விசைகள் வரிசையாக அமைக்கப்பட்டிருந்தன.

சோதிக்க வேண்டிய பொருளைச் சிறு குழிகளில் வளரும் இந்த உயிரணுக்களின் மேல் விடுவார்கள். குறித்த நேரம் கழித்து, ஒளிக்கு வேண்டிய எண்ணெயாகிய லூசிபெரினை ஊற்றி, எழும் ஒளியைக் கருவியால் அளப்பார்கள். விசை அழுத்தப்பட்டிருந்தால் ஒளி மிகும். இல்லாவிட்டால் மங்கலாகவே இருக்கும்.

இது வெறும் ஆராய்ச்சிச் சாலை வேடிக்கை அல்ல. தோலில் அரிப்பையும் ஒவ்வாமையையும் உண்டாக்கக்கூடிய ரசாயனங்கள் பல இதே விசையை அழுத்துகின்றன. முகப்பூச்சு, வாசனைப் பொருள் ஆகியவற்றில் சேரும் ரசாயனங்களைச் சோதிக்க முன்பு கினிப் பன்றிகளையும் சுண்டெலிகளையும் பயன்படுத்தினார்கள். மனிதத் தோல் உயிரணுவில் மின்மினி மரபணுவைப் பொருத்திய கெரட்டினோசென்ஸ் என்ற சோதனையை 2015இல் பொருளாதார ஒத்துழைப்பு வளர்ச்சி நிறுவனம் தன் அங்கீகரிக்கப்பட்ட முறைகளில் சேர்த்தது. பன்னிரண்டு அளவுகளில் ரசாயனத்தைக் கலந்து 48 மணி நேரம் காத்திருக்கிறார்கள். ஒளி ஒன்றரை மடங்குக்கு மேல் உயர்ந்தால் எச்சரிக்கை என்று கொள்கிறார்கள். உயிரணுக்கள் சாகாமல் இருக்கின்றனவா என்பதையும் கூடவே பார்க்கிறார்கள். முடிவு சொல்வது இந்த ஒரு சோதனையைக் கொண்டு மட்டுமல்ல. வேறு சோதனைகளின் சாட்சியமும் அதோடு சேர்த்துப் பார்க்கப்படுகிறது.

ஒளி சொல்வதும் சொல்லாததும்

இங்கே ஒரு முக்கியமான விஷயத்தைக் கவனிக்க வேண்டும். மஞ்சளில் உள்ள குர்குமின் இந்த விளக்கை ஏற்றுகிறது. பிராக்கோலி என்ற பச்சைப் பூக்கோசில் உள்ள சல்போராபேனும் ஏற்றுகிறது. உடனே இவை சர்வரோக நிவாரணி என்று விளம்பரம் செய்துவிடலாமா? தோலைப் புண்ணாக்கும் ரசாயனமும் இதே விளக்கைத்தானே ஏற்றுகிறது! உயிரணு தட்டி எழுப்பப்பட்டது என்பதை மட்டுமே ஒளி சொல்லும். தட்டியவன் நண்பனா, திருடனா என்பதை அது சொல்லாது. சில பொருள்கள் விசையைத் தொடாமல் விளக்கையே கெடுத்து ஏமாற்றுவதும் உண்டு. ஆகையால் நல்ல ஆராய்ச்சியாளர்கள் ஒளியோடு நிற்பதில்லை. உயிரணுவில் குளூடாதயோன் உண்மையிலேயே கூடியதா என்று தனியே அளந்து பார்க்கிறார்கள்.

காவலும் அளவோடு இருக்க வேண்டும். நுரையீரல் புற்றுகள் சிலவற்றில் நர்ஃப்-2 ஓயாமல் விழித்திருந்து, புற்று உயிரணுக்களையே மருந்துகளிடமிருந்து காப்பாற்றுவதைக் கண்டிருக்கிறார்கள். பின்லாந்தில் புகை பிடிக்கும் 29,133 ஆண்களைக் கொண்டு ஒரு சோதனை நடந்தது. பிராணவாயுவின் கேட்டைத் தடுக்கும் என்று நம்பப்பட்ட பீட்டா கரோட்டின் மாத்திரையைத் தின்றவர்களிடையே நுரையீரல் புற்று குறையவில்லை. 18 சதவீதம் கூடியது என்று 1994இல் முடிவு வந்தது. ஆன்டி ஆக்ஸிடன்ட் என்று எழுதிய புட்டியைக் கடையில் கையில் எடுப்பவர்கள் நினைவில் வைக்க வேண்டிய செய்தி இது.

நஞ்சு நிபுணரிடம் வேலை பழகிய ஹாப்கின்ஸுக்கு இந்த எச்சரிக்கை புதிதாக இருந்திராது. நிறம் ஒரு சாட்சி. அதுவே தீர்ப்பு ஆகாது. தம் சொந்தத் தீர்ப்பையே மறு விசாரணைக்கு எடுத்து மாற்றி எழுதியவர் அவர். வண்டு பீச்சிய புகையில் தொடங்கியது அவருடைய விஞ்ஞான வாழ்வு. குண்டு வீசும் வண்டு தன் வயிற்றில் ஹைட்ரஜன் பெராக்ஸைடைச் சேமித்து வைத்து, அதைக் கொண்டே கொதிக்கும் புகையை உண்டாக்குகிறது என்பதை இன்று நாம் அறிவோம். மின்மினியும் வண்டினத்தைச் சேர்ந்ததுதான். ஹாப்கின்ஸ் கண்டுபிடித்த காவலாளியை இன்றைய ஆராய்ச்சியாளர்கள் கண்காணிப்பது அந்த மின்மினியின் வெளிச்சத்தில்தான்.